பூனைகளின் நுரையீரல் நோயும் மூச்சுக்குழல் திரவப் பரிசோதனையும்

நெற்குதிரும் பத்தாயமும் உள்ள வீட்டில் பூனை வெறும் செல்லப் பிராணியன்று. எலி தின்பது கொஞ்சம், பாழாக்குவது அதிகம். சாக்குகளைக் கடித்துக் கிழித்தும், தானியத்தை மூத்திரத்தாலும் புழுக்கையாலும் கெடுத்தும், விதைக்கென்று வைத்த நெல்லின் முளையைக் கொறித்தும் அது செய்யும் நஷ்டத்தைக் குடியானவர் யாவரும் அறிவர். இரவெல்லாம் விழித்திருந்து அந்நஷ்டத்தைக் குறைக்கும் பூனைக்கு நோய் வந்தால், உழவு மாட்டுக்குச் செய்யும் கவனிப்பில் காற்பங்கேனும் செய்வோர் மிகச் சிலரே. இருமல் கண்டால், "மயிர் தொண்டையில் அடைத்துக்கொண்டது, தானே சரியாகும்" என்று விட்டுவிடுவது பொது வழக்கம். இன்னும் சிலர், மனிதருக்கென்று வீட்டில் வாங்கி வைத்த இருமல் மருந்தையோ காய்ச்சல் மாத்திரையையோ பாலில் கரைத்து ஊற்றுகின்றனர். இவ்விரண்டும் தவறு, பின்னது பல சமயங்களில் உயிருக்கே உலை வைப்பது.

பூனையின் இருமல் ஒரு நோயன்று. ஆறேழு வெவ்வேறு நோய்களுக்குப் பொதுவானதோர் அடையாளம். அவற்றுள் ஒன்றைத் தீர்க்கும் மருந்து மற்றொன்றை வளர்க்கும். வெளியிலிருந்து பார்த்து அவற்றை வேறுபடுத்துவது தேர்ந்த வைத்தியருக்கும் கடினம். ஆகவே, நுரையீரலுக்குள்ளிருந்தே சிறிது திரவத்தை எடுத்து, அதிலுள்ள அணுக்களையும் கிருமிகளையும் நேரில் பார்த்து நோயை நிச்சயிக்கும் முறை கையாளப்பட்டு வருகிறது. அம்முறை யாது, அதனால் அறியக்கூடியது எது, அறிய இயலாதது எது, பூனை வளர்ப்போர் அதற்கு முன்னும் பின்னும் செய்ய வேண்டியவை யாவை என்பவற்றை இங்கே விளக்குவோம்.

இருமலை அறியும் விதம்

இருமும் பூனை நாயைப்போல் நின்றுகொண்டு இருமுவதில்லை. அது தரையோடு தரையாகப் பதுங்கி, முன்கால்களின் முட்டிகளை வெளிப்புறமாக அகற்றி, கழுத்தை முன்னே நீட்டி, வறண்ட சப்தத்துடன் பல முறை தொடர்ந்து இருமும். முடிவில் எதையோ விழுங்குவதுபோல் நாவைச் சுழற்றும். மயிருருண்டையைக் கக்க முயலும் பூனையும் ஏறக்குறைய இந்நிலையிலேயே இருப்பதால் பலர் ஏமாந்து போகின்றனர். கக்கும் பூனைக்கு வயிறு இறுகி இறுகித் தளரும். முடிவில் மயிரோ நுரையோ உணவோ வெளிப்படும். இருமும் பூனையிடமிருந்து பெரும்பாலும் ஒன்றும் வெளிவராது. மயிரே வராத "மயிர்க் கக்கல்" வாரத்துக்கு இரண்டு மூன்று தடவை உண்டாகுமாயின், அதை இருமல் என்றே கொள்ள வேண்டும்.

மற்றோர் அடையாளம் மூச்சின் எண்ணிக்கை. பூனை அயர்ந்து தூங்கும்போது, அதைத் தொடாமல், மார்பு எழுந்து தாழ்வதை ஒன்றாகக் கொண்டு ஒரு நிமிஷம் எண்ண வேண்டும். சுகமாயுள்ள பூனை தூக்கத்தில் நிமிஷத்துக்கு 30 தடவைக்கு மேல் மூச்சு விடுவது அரிது. இவ்வெண்ணிக்கை நாள்தோறும் 30ஐத் தாண்டினால் வைத்தியரிடம் காட்டுவது அவசியம். வாயைத் திறந்துகொண்டு மூச்சு வாங்குவதும், ஈறும் நாக்கும் வெளுத்தோ நீலம் பாரித்தோ காண்பதும் ஆபத்தின் குறிகள். அந்நிலையிலுள்ள பூனையைத் துரத்திப் பிடிப்பதும், வாயைப் பிளந்து மருந்து புகட்டுவதும் அதைக் கொல்லும் செயல்களாகும். காற்றோட்டமுள்ள கூடையில் மெல்ல வைத்து, சந்தடியின்றி வைத்தியசாலைக்குக் கொண்டு செல்ல வேண்டும்.

ஓர் அடையாளம், பல நோய்கள்

இருமலையும் மூச்சுத் திணறலையும் உண்டாக்கும் நோய்களுள் முக்கியமானவை வருமாறு:

(1) ஆஸ்த்துமா என்னும் இரைப்பு. தவிட்டுத் தூசி, உமிப் புகை, அடுப்புப் புகை, கொசுவத்திப் புகை முதலியவை ஒவ்வாமையால் கிளைக் குழல்களைச் சுருங்கச் செய்வதால் இது தூண்டப்படுகிறது.

(2) நாட்பட்ட மூச்சுக்குழல் அழற்சி. குழல்களின் உட்சுவர் தடித்து, கோழை மிகுந்து, நீங்காது நிற்பது.

(3) நுரையீரல் புழு. இதைப் பற்றிப் பின்னர் விரிவாகக் கூறுவோம்.

(4) பாக்டீரியா முதலிய நுண்கிருமிகளால் வரும் நுரையீரல் அழற்சி. காய்ச்சலும் உணவில் வெறுப்பும் இதனுடன் சேர்ந்து வரலாம், வராமலும் இருக்கலாம்.

(5) டாக்ஸோபிளாஸ்மா என்னும் ஒற்றையணு ஜீவியால் உண்டாகும் நோய். அருமையாக, க்ஷயக் கிருமிகளால் உண்டாகும் நோயும்.

(6) கொசுக்களால் பரவும் இருதயப் புழு.

(7) வயதான பூனைகளில் நுரையீரலில் வளரும் புற்று.

இவற்றுள் முதலாவதற்கும் ஐந்தாவதற்கும் உள்ள வேறுபாட்டை மட்டும் எடுத்துக்கொண்டு பார்த்தாலே ஊகத்தால் சிகிச்சை செய்வதன் அபாயம் விளங்கும். இரைப்பு நோய்க்கு உரிய மருந்து ஸ்டீராய்டு வகையைச் சேர்ந்தது. அது உடலின் எதிர்ப்புச் சக்தியை அடக்குவதாலேயே குழல்களின் வீக்கத்தைத் தணிக்கிறது. டாக்ஸோபிளாஸ்மாவோ பாக்டீரியாவோ நுரையீரலில் பெருகிக்கொண்டிருக்கும் பூனைக்கு அதே மருந்தைக் கொடுத்தால், காவற்காரனைக் கட்டிப்போட்டுத் திருடனுக்குக் கதவைத் திறந்துவிட்டது போலாகும். இரண்டு பூனைகளும் ஒரே மாதிரி இருமும். ஒரே மாதிரி மெலியும். எக்ஸ்-கதிர்ப் படத்திலும் சில சமயம் ஒரே மாதிரி தோன்றும். ஒரு பூனை நான்கு நாளில் தெளியும். மற்றொன்று நான்கு நாளில் மாளும்.

திரவம் எடுப்பதன் கருத்து

மூச்சுக் குழல் தலைகீழான ஒரு மரத்தை ஒத்தது. கழுத்தில் அடிமரம்போல் ஒரே குழலாயிருந்து, மார்பினுள் இரண்டாகப் பிரிந்து, பின்னும் பின்னும் கிளைத்து, இறுதியில் இலைகளைப்போல் எண்ணிறந்த காற்றறைகளாக முடிகிறது. குழல்களின் உட்சுவரில் மெல்லிய கோழைப் படலம் உண்டு. காற்றுடன் புகும் தூசியும் கிருமியும் அதில் ஒட்டிக்கொள்ள, நுண்ணிய மயிர் போன்ற இழைகள் அதனைச் சதா மேல்நோக்கித் தள்ளுகின்றன. காற்றறைகளில் நோய் உண்டாகுமாயின், அந்நோயோடு போராட வந்த வெள்ளணுக்களும், நோயை உண்டாக்கிய கிருமிகளும் அங்குள்ள ஈரத்தில் கலந்திருக்கும்.

மனிதன் அக்கோழையைக் காறி உமிழ்வான். வைத்தியர் அதைப் பரிசோதிப்பார். பூனையோ உமிழ்வதில்லை, தொண்டைக்கு வந்த கோழையை உடனே விழுங்கிவிடும். ஆகவே, தானே வெளிவராததை நாம் உள்ளே சென்று எடுக்க வேண்டியிருக்கிறது. சிறிதளவு சுத்தமான உப்பு நீரைக் குழாய் மூலம் கிளைக் குழல்களுக்குள் செலுத்தி, அது அங்குள்ள அணுக்களைக் கழுவிக்கொண்டவுடன் திரும்ப உறிஞ்சி எடுப்பதே இம்முறை. பானையின் அடியில் ஒட்டியிருப்பது யாதென அறியச் சிறிது நீரூற்றி அலசிப் பார்ப்பது போன்றது இது.

மனிதர் வைத்தியத்தில் இம்முறை பரவுவதற்கு வழி கோலியது, 1966இல் ஜப்பானிய வைத்தியர் ஷிகெடோ இகேடா வெளியிட்ட வளையும் தன்மையுள்ள மூச்சுக்குழல் நோக்குக் கருவி. 1974இல் ரெனால்ட்ஸ், நியூபால் என்னும் இரு அமெரிக்க வைத்தியர்கள், மனித நுரையீரலை இவ்வாறு கழுவி எடுத்த திரவத்தின் அணுக்களையும் புரதங்களையும் ஆராய்ந்து வெளியிட்டனர். பின்னர் குதிரை, நாய், பூனை, கன்று முதலிய பிராணிகளுக்கும் இம்முறை கையாளப்படலாயிற்று.

எடுக்கும் விதம்

இது வீட்டிலோ கிராம மருந்தகத்திலோ செய்யத்தக்கதன்று. மயக்க மருந்தும், பிராணவாயு உருளையும், தேர்ந்த உதவியாளரும், அருகில் பரிசோதனைச் சாலையும் உள்ள வைத்தியசாலையிலேயே செய்யப்பட வேண்டும். வளர்ப்போர் அறிந்திருப்பதற்காக அதன் வரிசையைச் சுருக்கமாகக் கூறுகிறோம்.

முதலில், எதிர்பாராத குழற் சுருக்கத்தைத் தடுக்கும்பொருட்டு, குழல்களை விரியச் செய்யும் மருந்து பூனைக்குக் கொடுக்கப்படும். பூனையின் மூச்சுக்குழல் மற்றப் பிராணிகளினுடையதைக் காட்டிலும் எளிதில் சுருங்கிக்கொள்ளும் இயல்புடையதாகையால் இது மிக அவசியமானது. பிறகு சில நிமிஷங்கள் பிராணவாயு கொடுத்து, மயக்க மருந்து செலுத்துவர். தொண்டையின் குரல்வளை வாயில் தொட்டவுடன் இறுக மூடிக்கொள்ளும் சுபாவமுடையது. அதனைத் தடுக்க, மரத்துப்போகச் செய்யும் மருந்தைச் சில துளிகள் அதன்மேல் தெளிப்பர்.

அடுத்து, கிருமி நீக்கிய மூச்சுக் குழாயொன்றை வாயின் எச்சில் படாதவாறு குரல்வளை வழியே உள்ளே செலுத்துவர். எச்சில் படலாகாது என்று கூறுவதன் காரணம் பின்னர் விளங்கும். அதன் வழியாக, மெல்லிய மற்றொரு நீண்ட குழாயை இலேசாகத் தடை தட்டும்வரை செலுத்துவர். சில வைத்தியசாலைகளில் நோக்குக் கருவியின் உதவியால் எந்தக் கிளையில் நோய் இருக்கிறதோ அதனுள்ளேயே சென்று எடுப்பர். அக்கருவி இல்லாவிடில், எக்ஸ்-கதிர்ப் படத்தில் அதிகம் பழுதுற்றதாகக் காணும் பக்கம் கீழே இருக்குமாறு பூனையைக் கிடத்துவது வழக்கம்.

பின்னர், உடம்புச் சூடு அளவுக்கு வெதுவெதுப்பாக்கிய, கிருமி நீக்கிய உப்பு நீரைப் பீச்சுக்குழலால் செலுத்துவர். 100 பங்கு நீருக்கு ஏறக்குறைய 0.9 பங்கு உப்புள்ள நீர் இது. இரத்தத்தின் உப்புக்கு இணையானதால் அணுக்களைச் சிதைக்காது. பூனையின் எடையையும் வைத்தியர் கையாளும் முறையையும் பொறுத்து, ஒரு தடவைக்கு 5 முதல் 20 மில்லிலிட்டர் வரை, இரண்டு மூன்று தடவை செலுத்துவதுண்டு. செலுத்தியவுடனே மெல்ல உறிஞ்சி எடுப்பர். பூனையின் பின்பாகத்தைச் சற்று உயர்த்திப் பிடித்தால் திரவம் எளிதில் திரும்பும்.

செலுத்திய நீர் முழுவதும் திரும்ப வராது. பாதிக்குமேல் வந்தால் திருப்தி கொள்ளலாம். எஞ்சியதைக் கண்டு அஞ்ச வேண்டுவதில்லை. நுரையீரல் சிறிது நேரத்தில் அதனை உள்வாங்கிக்கொள்ளும். எடுத்த திரவத்தின் மேல் நுரை நிற்குமாயின் நல்ல அறிகுறி. காற்றறைகள் ஒட்டிக்கொள்ளாமல் காக்கும் வழவழப்பான பொருளொன்று அங்கே உண்டு. அதுவே நுரையாகத் தோன்றுகிறது. நுரை கண்டால், திரவம் மேற்குழலிலிருந்து மட்டுமன்றிக் காற்றறைகளிலிருந்தும் வந்ததென்று அறியலாம். இதன்பின் பூனை நன்றாக விழித்தெழும்வரை பிராணவாயு கொடுத்துக் கண்காணிப்பர்.

பரிசோதிக்கும் விதம்

எடுத்த திரவத்தை இரண்டு பாகமாக்க வேண்டும். ஒரு பாகம், கட்டியாகாதபடி தடுக்கும் மருந்துள்ள குழலில் இடப்பட்டு அணுக்களைப் பார்ப்பதற்கு உதவும். மற்றொன்று, ஒன்றும் கலவாத, கிருமி நீக்கிய குழலில் இடப்பட்டுக் கிருமிகளை வளர்த்துப் பார்ப்பதற்கு உதவும். எடுத்த ஒரு மணி நேரத்துக்குள் பார்ப்பது உத்தமம். தாமதம் நேருமாயின் குளிர்ச்சியான பெட்டியில் வைக்க வேண்டும், ஆனால் உறையவிடலாகாது. உறைந்தால் அணுக்கள் வெடித்துச் சிதையும்.

அணுக்களைப் படியச் செய்து, கண்ணாடித் தகட்டில் பரப்பி, சாயமேற்றி, மைக்ராஸ்கோப்பினால் ஏறக்குறைய 200 அணுக்களை வகை பிரித்து எண்ணுவர். எண்ணும் முன்பாக, கண்டது நுரையீரற் பொருள்தானா, வாயின் அழுக்கா என்று தீர்மானிப்பது கடமை. தட்டையான பெரிய மேற்றோல் அணுக்களும், கம்பளிப் பூச்சியைப்போல் வரிசையாக ஒட்டிக் காணும் ஸிமான்ஸியெல்லா என்னும் பாக்டீரியாவும் தென்பட்டால், குழாய் வாய் எச்சிலைத் தொட்டுவிட்டது என்பது நிச்சயம். அத்திரவத்தில் வளரும் கிருமிகளைக் கொண்டு நுரையீரலைப் பற்றித் தீர்ப்புக் கூறலாகாது. முன்னர் எச்சில் படலாகாது என்றதன் காரணம் இதுவே.

கண்டவற்றின் பொருள்

சுகமான பூனையின் நுரையீரற் திரவத்தில் பெரும்பாலானவை மாக்ரோபேஜ் என்னும் பெரிய துப்புரவு அணுக்கள். இவை காற்றறைகளுக்குள் சுற்றித் திரிந்து தூசியையும் கிருமியையும் விழுங்குவன. நியூட்ரோபில் என்னும் வெள்ளணுக்கள் மிகச் சிலவே இருக்கும்.

மூன்றாம் வகை ஈயோஸினோபில். பூனையின் ஈயோஸினோபிலில் சிறு குச்சிகள் போன்ற செந்நிறத் துகள்கள் நிறைந்திருக்கும். இவ்வணு பெருகுவது ஒவ்வாமையையோ புழுவையோ காட்டும். ஆனால் இங்கே ஒரு பொறி உண்டு. சுகமான பூனையிலும் நூற்றுக்குப் பத்துப் பதினைந்து வரை ஈயோஸினோபில் காணப்படுவதுண்டு. நாய்க்கும் மனிதனுக்கும் இவ்வளவு இராது. ஆகையால் சிறிதளவு ஈயோஸினோபிலைக் கண்டவுடன் இரைப்பு என்று முடிவு கட்டலாகாது. ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கைத் தாண்டினால் அது பொருளுடையதாகக் கொள்ளத்தக்கது. அப்போதும், இரைப்பும் நுரையீரல் புழுவும் இருதயப் புழுவும் ஆகிய மூன்றுமே இவ்வாறு காட்டுமாதலால், புழுக்கள் இல்லையென்பதை வேறு வழிகளால் உறுதி செய்த பிறகே இரைப்பு என்று பெயரிட வேண்டும். இருதயப் புழுவை இத்திரவத்தால் காண இயலாது. அதற்கு இரத்தப் பரிசோதனையே வேண்டும்.

நியூட்ரோபில்கள் மிகுந்து, அவற்றில் கிருமிகள் காணப்படாவிடின் நாட்பட்ட குழல் அழற்சியாக இருக்கலாம். அவ்வணுக்கள் சிதைந்து, அவற்றின் உள்ளேயே பாக்டீரியாக்கள் விழுங்கப்பட்டுக் கிடந்தால், அது கிருமியால் வந்த நுரையீரல் அழற்சி. அப்போது அக்கிருமியை வளர்த்து, எந்த மருந்துக்கு அது மடிகிறது என்று பார்த்துக் கொடுக்கலாம். பிறைச்சந்திரன் வடிவான சிறு ஜீவிகள் அணுக்களில் தென்பட்டால் டாக்ஸோபிளாஸ்மா என்று தெரியும். அதற்குரிய மருந்து முற்றிலும் வேறு. அளவிலும் வடிவிலும் ஒழுங்கற்ற அணுக்கள் கூட்டங்கூட்டமாகக் கண்டால் புற்று இருக்கலாமெனச் சந்தேகிக்கலாம்.

க்ஷயத்தைப் பற்றித் தனியே ஒரு வார்த்தை. க்ஷயமுள்ள பசுவின் பாலைக் காய்ச்சாமல் குடிக்கும் பூனைக்கு மாட்டு க்ஷயம் தொற்றுவதுண்டு. அமிலத்துக்கு இளகாத சாயமேற்றும் முறையால் அக்கிருமிகள் சிவந்த சிறு குச்சிகளாகத் தென்படும். அவ்வாறு கண்டால், அது பூனையைப் பற்றிய செய்தி மட்டுமன்று. அத்தொழுவத்தையும் அப்பாலை அருந்தும் குழந்தைகளையும் பற்றிய எச்சரிக்கையாகும். தொழுவத்து மாடுகளை உடனே பரிசோதிக்கச் செய்ய வேண்டும்.

நுரையீரல் புழுவும் எலியும்

குதிரைக் காக்கும் பூனைக்கு விசேஷமாக வரத்தக்கது நுரையீரல் புழு. 1898இல் பிரெஞ்சு அறிஞர் ரய்யே விவரித்த இப்புழுவின் பெயர் ஏலுரோஸ்ட்ராங்கிலஸ் அப்ஸ்ட்ரூஸஸ். உலகின் பல பாகங்களிலும் காணப்படும் இது, கடைசிக் கிளைக் குழல்களிலும் காற்றறைகளின் அருகிலும் வசித்து முட்டையிடுகிறது. முட்டை அங்கேயே பொரிந்து, புழுக்குஞ்சுகள் மூச்சுக் குழல் வழியே மேலேறித் தொண்டையை அடைந்து, விழுங்கப்பட்டு மலத்துடன் வெளிவருகின்றன. மண்ணிலே நத்தைகளும் ஓடில்லா நத்தைகளும் அக்குஞ்சுகளுக்கு இடங்கொடுக்கின்றன. அந்நத்தையைத் தின்ற எலி, ஓணான், தவளை, பறவை ஆகியவற்றின் உடலில் அவை சாகாமல் தங்கியிருக்கும். அந்த எலியைப் பூனை தின்றால், ஏறக்குறைய ஐந்தாறு வாரங்களில் அதன் மலத்தில் குஞ்சுகள் தோன்றத் தொடங்கும். தன் கடமையைச் செய்வதாலேயே நோயை வாங்கிக்கொள்ளும் பிராணி இது. ஆகவே அதற்குச் சிகிச்சை செய்விப்பது வளர்ப்போரின் கடனே.

நுரையீரற் திரவத்தில் இக்குஞ்சுகள் தென்படலாம். அவற்றின் வால்நுனி வளைந்து நெளிந்து, சிறு முள்ளுடன் காணப்படும். ஆயினும் இதற்காக மட்டும் பூனையை மயக்கத்துக்கு உட்படுத்த வேண்டியதில்லை. மலப் பரிசோதனையே எளிது, மலிவு, அபாயமற்றது. 1917இல் டச்சுக் கிழக்கிந்தியத் தீவுகளில் மண்ணிலுள்ள கொக்கிப் புழுக்குஞ்சுகளைக் கண்டறியப் பேர்மன் என்னும் வைத்தியர் வகுத்த முறை இன்றும் இதற்குக் கையாளப்படுகிறது. புதிய மலத்தை மல் துணியில் கட்டி, அடியில் மூடிய ரப்பர்க் குழாயுள்ள புனலில் வைத்து, வெதுவெதுப்பான நீர் ஊற்றி ஓர் இரவு விட்டுவிட வேண்டும். உயிருள்ள குஞ்சுகள் துணியைவிட்டு வெளியே நெளிந்து வரும். நீரில் எதிர்த்து நீந்த வலிமை இல்லாமையால் அடியில் வந்து தங்கும். மறுநாள் அடியிலுள்ள சில துளிகளை மைக்ராஸ்கோப்பில் பார்த்தால் போதும்.

இதில் கவனிக்க வேண்டியவை இரண்டு. மண்ணில் கிடந்த மலம் உதவாது. மண்ணில் இயல்பாக வாழும் வேறு சிறு புழுக்கள் அதில் ஏறி ஏமாற்றும். மேலும், குஞ்சுகள் எல்லா நாளும் வெளிவருவதில்லை. ஒருநாள் இல்லையென்றால் இல்லையென்று கொள்ளாமல், வேறு வேறு நாட்களில் மூன்று தடவை பார்ப்பது நலம். புழு உறுதியானால், பென்பெண்டஸோல் முதலிய மருந்துகளை வைத்தியர் கூறும் அளவிலும் நாட்களிலும் கொடுத்தால் பெரும்பாலான பூனைகள் தேறும்.

செய்யத் தகாத காலங்களும் அபாயங்களும்

திரவம் எடுக்கும் பரிசோதனை நல்லதேயாயினும் எல்லாப் பூனைக்கும் எப்போதும் ஏற்றதன்று. மூச்சுத் திணறி வாய் திறந்து வாங்கும் பூனைக்கு இதைச் செய்யலாகாது. முதலில் பிராணவாயுவாலும் மருந்தாலும் மூச்சைச் சீராக்க வேண்டும். நுரையீரலுக்கு வெளியே, மார்புக் கூட்டில் நீரோ சீழோ தேங்கியிருந்தால் இப்பரிசோதனையால் பயனில்லை. அந்நீரை ஊசியால் வெளியே எடுத்துப் பார்ப்பதே முறை. எனவே எக்ஸ்-கதிர்ப் படம் முன்னதாக எடுக்கப்பட வேண்டும்.

எலி பாஷாணத்தைப் பற்றி வளர்ப்போர் வைத்தியரிடம் மறைக்காமல் கூற வேண்டும். இரத்தம் உறையாமல் தடுக்கும் வகைப் பாஷாணத்தைத் தின்ற எலியைப் பூனை உண்டால், அதன் நுரையீரலிலேயே இரத்தக் கசிவு உண்டாகலாம். அப்பூனைக்குக் குழாய் செலுத்துவது பேராபத்து. ஸிங்க் பாஸ்பைடு வகைப் பாஷாணம் வேறு விதமாக நுரையீரலில் நீர் கோக்கச் செய்யும். எந்தப் பாஷாணம், எப்போது வைக்கப்பட்டது என்னும் இரண்டு வார்த்தைகள் உயிரைக் காக்கக்கூடும்.

தகுதியான பூனையிலும் திரவம் எடுத்தபின் சில மணி நேரம் இருமலோ, மூச்சு வேகமோ சற்று அதிகப்படலாம். அருமையாகக் குழற் சுருக்கம் கடுமையாகி ஆபத்து நேர்வதும் உண்டு. ஆகையால், எடுத்த அன்றே அவசரமாக வீட்டுக்கு எடுத்துச் செல்ல விரும்பாமல், வைத்தியர் சொல்லும்வரை அங்கேயே விட்டு வைப்பது விவேகம்.

வளர்ப்போரும் கிராம அதிகாரிகளும் செய்யத்தக்கவை

முதலாவது, மருந்துக்கு முன் பரிசோதனை என்பதை விதியாகக் கொள்ள வேண்டும். ஸ்டீராய்டு ஊசி போட்ட பின் திரவம் எடுத்தால் ஈயோஸினோபில் மறைந்துவிடும்; கிருமிக்கொல்லி மருந்து கொடுத்த பின் எடுத்தால் கிருமி வளராது. திருடன் வந்துபோன பின் அடிச்சுவட்டை மெழுகி அழித்துவிட்டுத் துப்புத் தேடுவதற்கு ஒப்பாகும் இது. முன்னரே மருந்து கொடுத்திருந்தால் அதன் பெயரையும் நாளையும் தவறாமல் சொல்ல வேண்டும்.

இரண்டாவது, மனிதர் மருந்தைப் பூனைக்குக் கொடுக்கலாகாது. பாராஸிட்டமால் ஒரு மாத்திரையே ஒரு பூனையைக் கொல்லப் போதுமானது. அதனை முறித்து வெளியேற்றும் சக்தி பூனையின் ஈரலுக்கு மிகக் குறைவு. இரத்தம் பிராணவாயுவைச் சுமக்கும் தன்மையை இழந்து ஈறு பழுப்பு நிறமாகும். மூச்சுத் திணறும் பூனைக்கு இதைக் கொடுப்பது இரட்டைக் கேடு.

மூன்றாவது, இருமும் நாள், நேரம், இடம் ஆகியவற்றை ஒரு தாளில் குறித்து வர வேண்டும். நெல் தூற்றும் நாட்களில் மட்டும் இருமல் மிகுமாயின் தூசியைச் சந்தேகிக்கலாம். கைப்பேசி வைத்திருப்போர் இருமும்போது படம் பிடித்துக் காட்டினால், மயிர்க் கக்கலா இருமலா என்று வைத்தியர் பார்த்தவுடனே தெரிந்துகொள்வார்.

நான்காவது, புதிய மலத்தைச் சுத்தமான மூடியுள்ள சிறு டப்பியில் இட்டு, நாளைக் குறித்து, அன்றே கால்நடை மருந்தகத்தில் சேர்ப்பிக்க வேண்டும். இதைக் கையாளும்போது கையுறை அணிவதும் பிறகு சோப்பிட்டுக் கழுவுவதும் அவசியம். கர்ப்பிணிகள் பூனை மலத்தைத் தொடவே கூடாது. டாக்ஸோபிளாஸ்மாவின் வித்துக்கள் அதில் இருக்கலாம்.

ஐந்தாவது, திரவப் பரிசோதனை வேண்டுமென்று வைத்தியர் கருதினால், 1903இல் தொடங்கப்பெற்ற சென்னைக் கால்நடை மருத்துவக் கல்லூரி முதலிய கல்லூரிகளைச் சார்ந்த வைத்தியசாலைகளில் அதற்கு வசதியும் நேரமும் எவ்வாறு என்று அவர் மூலமாகவே முன்னதாக விசாரித்துச் செல்ல வேண்டும். புறப்படும் முன் எத்தனை மணி நேரம் உணவு நிறுத்த வேண்டுமென்பதையும் அவரிடமே கேட்டுக்கொள்ள வேண்டும். மயக்கத்தில் வாந்தி எடுத்தால் அது நுரையீரலுக்குள் போய்விடும்.

கிராம அதிகாரிகள் இவ்விஷயத்தில் செய்யத்தக்க உபகாரம் ஒன்றுண்டு. எலி பாஷாணம் விநியோகிக்கும்போதும் எலி ஒழிப்பு நடத்தும்போதும், எந்த வகைப் பாஷாணம் எத்தேதியில் வைக்கப்பட்டது என்பதை எழுதி வைத்து, கேட்போருக்குச் சொல்லும்படி ஏற்பாடு செய்யலாம். செத்த எலிகளைப் பூனையும் நாயும் தின்னாதபடி புதைப்பித்தலும் அவர்கள் கவனத்துக்குரியது.

கன்றுக்கும் ஆட்டுக்கும்

இங்கே கூறியவை பூனையோடு நின்றுவிடுவன அல்ல. கன்றுகளின் நுரையீரல் அழற்சியிலும், குதிரைகளின் நாட்பட்ட இருமலிலும் மூச்சுக்குழல் திரவத்தை எடுத்துப் பார்க்கும் முறை உண்டு. மாட்டின் நுரையீரல் புழு, பூனையின் புழுவைப்போல் நத்தையை நாடுவதன்று. ஒரு மாட்டின் சாணத்திலிருந்து புல்லுக்கும், புல்லிலிருந்து மற்றொரு மாட்டுக்கும் நேராகச் செல்வது. எனினும் அதன் குஞ்சுகளையும் மேற்கூறிய புனல் முறையாலேயே சாணத்தில் காணலாம். ஆகவே பூனைக்கென்று இம்முறையை ஒருதரம் அறிந்துகொண்டவர், இருமும் கன்றையும் மெலியும் ஆட்டையும் கண்டபோது ஊகத்தை விட்டுப் பரிசோதனையை நாடுவார்.

சுருக்கம்

1. வாரத்துக்கு இரண்டு மூன்று தடவை மயிர் வராமல் கக்குவது போல் தோன்றினால் அது இருமல்; வைத்தியரிடம் காட்டுக.

2. தூக்கத்தில் மூச்சு நிமிஷத்துக்கு 30ஐ நாள்தோறும் தாண்டினால் தாமதிக்கலாகாது. வாய் திறந்து மூச்சு வாங்கினால் அன்றே செல்க.

3. முதலில் எக்ஸ்-கதிர்ப் படமும், மூன்று நாள் மலப் பரிசோதனையும். அவற்றால் தெளியாதபோது மூச்சுக்குழல் திரவப் பரிசோதனை.

4. பரிசோதனைக்கு முன் ஸ்டீராய்டும் கிருமிக்கொல்லியும் ஊகத்தால் கொடுக்கலாகாது. உயிருக்கு ஆபத்தான நிலையில் மட்டும் வைத்தியர் தம் பொறுப்பில் கொடுப்பார்.

5. பாராஸிட்டமாலை எந்நிலையிலும் கொடுக்கலாகாது.

6. பாஷாணம் வைத்ததை மறைக்கலாகாது.

பூனைக்கு இத்தனை பாடா என்று சிலர் எண்ணலாம். பத்தாயத்தில் ஓராண்டு உழைப்பு அடைந்து கிடக்கிறது. அதன் வாசலில் இரவெல்லாம் காவலிருப்பது அப்பூனை. அதன் இருமலுக்குக் காரணம் யாதென்று ஒரு முறை சரியாக அறிந்து செய்யும் சிகிச்சை, காரணம் அறியாமல் பத்து முறை கொடுக்கும் மருந்தைக் காட்டிலும் செலவு குறைந்தது, உயிரையும் காப்பது.